கிதார் இல்லாத ராக் படம்

போன செவ்வாய்க்கிழமை அடையாள அட்டையைப் புதுப்பிக்கப் போயிருந்தேன். கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்த பெண் என்னை ஒரு ஸ்டூலில் உட்கார வைத்தாள். கேமராவைத் தட்டினாள். திரையைப் பார்த்தாள். உதட்டைப் பிதுக்கினாள்.

"ஆடாதீங்க மேடம்."

மறுபடி தட்டினாள். மறுபடி பிதுக்கினாள்.

"ஆடறீங்க மேடம்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்தால் இன்னும் ஆடும் இல்லையா? பின்னால் வரிசையில் நின்றவர்கள் முணுமுணுக்க ஆரம்பித்தார்கள்.

"என்னாச்சு மேடம்?"

"ஒண்ணுமில்லம்மா. இதே வார்த்தையைச் சொல்லித்தான் ஒரு காலத்துல நான் சாப்பிட்டேன்."

அவளுக்குப் புரியவில்லை. உங்களுக்குக் கொஞ்சம் புரியும். தர்மபுரியில் ஒரு போட்டோ ஸ்டுடியோக்காரரின் மகள் நான் என்பதை இந்தப் பக்கத்தில் பல தடவை சொல்லியிருக்கிறேன். சொல்லாமல் விட்ட ஒன்று உண்டு. எழுபதுகளில் சில வருடங்கள் நான் ராக் இசைக் குழுக்களைப் படம் எடுத்துக்கொண்டிருந்தேன்.

ஆமாம், ராக். கிதார், டிரம்ஸ், தோள் வரைக்கும் முடி — எல்லாம் சேர்த்துத்தான்!

தர்மபுரியில் உட்கார்ந்துகொண்டு ராக்கா என்று கேட்பீர்கள். சொல்கிறேன்.

எங்கள் ஸ்டுடியோ பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருந்தது. அப்பாவை அத்தா என்றுதான் கூப்பிடுவேன். அத்தாதான் முதலாளி, போட்டோகிராபர், கல்யாணப் பெண்ணின் கன்னத்துத் தழும்பை பென்சிலால் மறைக்கும் ஆர்ட்டிஸ்ட், எல்லாமே. எங்கள் ஜனங்களில் பர்தா போடும் பெண்கள் ஆண் முன்னால் உட்கார்ந்து படம் எடுத்துக்கொள்ள மாட்டார்கள். அதற்காகவே என்னைப் பள்ளிக்கூடம் முடித்த கையோடு கேமராவுக்குப் பின்னால் நிறுத்தினார்.

பிறகு ஃபிலிம் கழுவும் டெவலப்பர் மருந்து அத்தாவின் கைக்கு ஒத்துக்கொள்ளாமல் போயிற்று. விரல் இடுக்கெல்லாம் வெடித்துப் புண். டாக்டர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார் — டார்க் ரூம் பக்கமே போகக் கூடாது. அன்றிலிருந்து அந்த இருட்டறை என் ராஜ்ஜியம். நான் உள்ளே என்ன கழுவுகிறேன், எதை பிரிண்ட் போடுகிறேன் என்பது வேறு யாருக்கும் தெரியாது.

ஃபிலிம், பேப்பர், மருந்து எல்லாம் பெங்களூரில்தான் வாங்க வேண்டும். மாதம் ஒரு முறை சனிக்கிழமை பஸ் ஏறுவேன். சிவாஜி நகரில் பெரியம்மா வீட்டில் தங்கிவிட்டு ஞாயிறு சாயங்காலம் திரும்புவேன். சாமான் வாங்கும் கடை ஒரு ஆங்கிலோ இந்தியருடையது. அவருடைய அக்கா மகன் டெரிக். டிரம்மர். நான்கு பேராகச் சேர்ந்து ஒரு குழு வைத்திருந்தார்கள். பெயர் 'தி லேட்கமர்ஸ்'. பெயருக்கு ஏற்ற மாதிரி ஒரு நிகழ்ச்சிக்குக்கூட நேரத்தில் போனதில்லை.

"நீங்க லேடீஸ் போட்டோகிராபராமே?" என்று டெரிக் ஒருநாள் கடையில் கேட்டான். "எங்க பேண்ட்ல பாடறது ஒரு லேடி. ஃப்ளாஷ் அடிச்சா அவளுக்கு ஆகாது. போன தடவை வந்த போட்டோகிராபரை மைக்காலயே அடிக்கப் போயிட்டா. நீங்க வந்து எடுத்துத் தர்றீங்களா?"

ராக் என்றதும் ராத்திரி, புகை, குடி என்று மனசுக்குள் படம் ஓடுகிறதா? எனக்கும் ஓடியது. ஆனால் அந்தக் காலத்துப் பெங்களூரில் நிகழ்ச்சி ஞாயிற்றுக்கிழமை காலை பதினோரு மணிக்கே நடக்கும். ஜாம் செஷன் என்பார்கள். மதியச் சாப்பாட்டுக்கு எல்லாரும் வீட்டுக்குப் போய்விடுவார்கள். பெரியம்மா, "ஜாம்னா ரொட்டியில தடவறதாடீ?" என்று கேட்டுவிட்டு அனுப்பி வைத்தாள்.

முந்தானையைத் தலைக்கு இழுத்துவிட்டுக்கொண்டு போய் ஓரமாக நின்றேன். என் கையில் இருந்தது ஸ்டுடியோவின் இரட்டை லென்ஸ் கேமரா. அதைக் கண்ணுக்கு நேராகத் தூக்க வேண்டியதில்லை. வயிற்றோடு ஒட்டிப் பிடித்து, மேலிருந்து குனிந்து கண்ணாடியில் தெரிவதைப் பார்க்க வேண்டும். தரையில் காசு தேடுகிற மாதிரி நிற்பேன். யாரையோ படம் எடுக்கிறேன் என்று ஒருவருக்கும் தோன்றாது.

டிரம்ஸ் ஆரம்பித்தது. கேமராவே அதிர்ந்தது. அப்புறம் அந்தப் பெண் பாட வந்தாள். பெல்பாட்டம், முழங்கை வரைக்கும் சட்டை, ஒற்றைப் பின்னல். என்னைவிட ஓரிரு வயது சின்னவள். மோலி என்று அறிமுகம் செய்தார்கள். வாயைத் திறந்தாள் பாருங்கள்... முன்வரிசையில் உட்கார்ந்திருந்தவர்கள் நாற்காலியோடு பின்னால் நகர்ந்தார்கள்!

தர்மபுரிக்கு வந்து அந்த ரோலைக் கழுவினேன். அத்தனையும் வீண். கிதாருக்குப் பதில் ஒரு மங்கல் கோடு. டெரிக்குக்குப் பதில் ஒரு பனிமூட்டம். இருக்காதா பின்னே? அதுவரைக்கும் நான் எடுத்த எல்லாரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவர்கள். ஆடாதீங்க என்று சொல்லிச் சொல்லியே தொழில் கற்றவள் நான். ஆடுவதற்கென்றே வந்தவர்களிடம் அதை எப்படிச் சொல்வது?

அடுத்த மாதம் மறுபடி போனேன். அதற்கடுத்த மாதமும். படம் எடுக்காமல் சும்மா பார்த்துக்கொண்டே இருந்தேன். ஒருநாள் பிடிபட்டது. எவ்வளவு துள்ளினாலும், அடுத்த வரியை எடுப்பதற்கு முன்னால் பாடுகிறவர் மூச்சை உள்ளே இழுக்க வேண்டும். அந்த ஒரு கணம் உடம்பு முழுக்க அசையாமல் நிற்கும். கண்ணைப் பார்த்தால் அடுத்து என்ன வரப்போகிறது என்பது அதில் இருக்கும். அந்த இடத்தில் விரலை அழுத்தினால் போதும்.

படங்கள் தெளிவாக விழ ஆரம்பித்தன. டெரிக் அவற்றைத் தெரிந்தவர்களிடமெல்லாம் காட்டினான். வேறு குழுக்களும் கூப்பிட்டார்கள். மாதம் ஒரு தடவை என்பது இரண்டு தடவையானது.

"மருந்து அவ்வளவு சீக்கிரமா தீருது?" என்பார் அத்தா.

"கச்சேரிப் படமும் எடுக்கறேன்த்தா" என்று சொல்லியிருந்தேன். பொய் இல்லை. அவர் மனசில் வந்தது வீணையும் வெற்றிலைத் தட்டும். அதற்கு நான் என்ன செய்ய?

மோலி யார் என்பது எனக்குத் தெரிந்தது ஒரு பஸ்ஸால். ஜாம் செஷன் முடிந்து எல்லாரும் நின்று பேசிக்கொண்டிருந்தார்கள். நான் அவசரத்தில், "நேரமாவுதுங்க, வூட்டுக்குப் போவணும், பஸ்சு போயிடும்" என்றேன். டீ குடித்துக்கொண்டிருந்த மோலி சட்டென்று திரும்பினாள்.

"நீங்க எந்த ஊருங்க?"

"தர்மபுரி."

கோப்பையைக் கீழே வைத்துவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"நான் மல்லிகாங்க்கா. ஏரியூரு!"

பென்னாகரத்தைத் தாண்டி, காவிரியை ஒட்டிய ஏரியூர்! கேழ்வரகும் நிலக்கடலையும் போடும் குடும்பம். பத்தாவது முடித்துவிட்டு பெங்களூரில் ஒரு தொழிற்சாலையில் ரேடியோ பாகங்கள் பொருத்தும் வேலைக்கு வந்திருக்கிறாள். ஹாஸ்டலில் அவளோடு ஒரே அறையில் இருந்தவள் டெரிக்கின் தங்கை. தங்கையிடம் ரிக்கார்டு பிளேயர் இருந்தது. கேட்டுக் கேட்டுப் பாடியிருக்கிறாள். ஒருநாள் தங்கையைப் பார்க்க வந்த டெரிக், வாசலில் நின்றபடியே இந்தக் குரலைக் கேட்டுவிட்டான். அவ்வளவுதான்.

"வூட்ல தெரியுமா?"

"தெரிஞ்சா நான் இங்க நிக்க முடியுமாக்கா?"

மல்லிகாவின் பாட்டில் பெங்களூர் முழுக்கப் பேசிய விஷயம் ஒன்று உண்டு. கடைசிப் பாட்டின் முடிவில் வார்த்தை எதுவும் இல்லாமல் நீளமாக ஒரு கூவல் எழுப்புவாள். தாழ்ந்து ஆரம்பித்து, மேலே போய், அங்கே உடைந்து, திரும்பவும் இன்னும் மேலே போகும். அமெரிக்காவில் எந்தப் பாடகியிடம் திருடினாள் என்று ரசிகர்களுக்குள் சண்டையே நடக்கும். அவளிடமே கேட்டேன். "சும்மா வருதுங்க்கா" என்று சிரித்தாள்.

அந்தக் கூவலுக்கு முன்னால் அவள் மூச்சு இழுக்கும் கணத்தை எடுத்துவிட்டேன். தலை பின்னால் சாய்ந்து, பின்னல் காற்றில் நின்று, வாய் பாதி திறந்து... பெங்களூரிலிருந்து வந்துகொண்டிருந்த ஆங்கில வாரப் பத்திரிகை ஒன்று அதைக் கேட்டது. நான் மல்லிகாவைக் கேட்டேன்.

"குடுங்க்கா. எங்கூர்ல இங்கிலீசு புஸ்தகம் யாரு படிக்கறாங்க?"

அரைப் பக்கத்துக்குப் போட்டார்கள். கீழே சின்ன எழுத்தில் 'படம்: ஷமீம், தர்மபுரி'. ஊர்ப் பெயரையும் போடச் சொல்லி ஆசிரியரிடம் அடம்பிடித்தது நான்தான். கர்வம்! பெங்களூர்க்காரர்கள் நிறையப் பேர் தர்மபுரியை பஸ் டீக்கு நிற்கும் இடமாக மட்டுமே அறிந்திருந்தார்கள்.

பத்து நாள் போயிருக்கும். கடையில் நானும் அத்தாவும் இருந்தோம். வெள்ளை வேட்டி, தோளில் துண்டு, கையில் சுருட்டிய பத்திரிகையோடு ஒருவர் உள்ளே வந்தார். உயரமான மனிதர். வெயிலில் வெகுநேரம் நின்றுவிட்டு வந்த முகம்.

"இங்க ஷமீமுங்கறவரு யாருங்க?"

"நான்தாங்க."

அவர் என்னைப் பார்த்தார். கடையைச் சுற்றிப் பார்த்தார். மறுபடி என்னைப் பார்த்தார்.

"பொம்பளப் புள்ளயா?"

பத்திரிகையை மேசையில் விரித்தார். "எம் பேரு மாதையங்க. ஏரியூரு. இது எம் பொண்ணு."

நான் எழுந்திருக்கப் பார்த்தேன். ஆனால் எனக்கு முன்னால் எழுந்தவர் அத்தா. மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு படத்தைப் பார்த்தார். பெல்பாட்டத்தைப் பார்த்தார். பின்னால் மங்கலாகத் தெரிந்த டெரிக்கின் தலைமுடியைப் பார்த்தார். கீழே இருந்த சின்ன எழுத்தைப் படித்தார்.

"என்னம்மா இது? கச்சேரின்னு சொன்னே?"

"இதுவும் கச்சேரிதாந்த்தா..."

ஒரே நேரத்தில் இரண்டு அப்பாக்கள் ஒரு பெண்ணை முறைத்தால் எப்படி இருக்கும் என்பதை அன்றைக்குத் தெரிந்துகொண்டேன். எதிரிக்கும் வேண்டாம்.

விஷயம் இதுதான். மல்லிகாவுக்குப் பாலக்கோடு பக்கம் ஒரு மாப்பிள்ளை பேசி முடித்திருக்கிறார்கள். மாப்பிள்ளையின் மாமா தர்மபுரியில் ஏதோ ஆபீசில் வேலை. அந்த ஆபீசுக்கு இந்தப் பத்திரிகை வரும். பார்த்துவிட்டார். நேராக ஏரியூருக்குப் போய் மாதையன் முன்னால் அதைப் போட்டுவிட்டு, "கண்ணாலப் பேச்ச இதோட வுட்டுடுவோம்" என்று சொல்லிவிட்டார்.

"நான் யாரையும் அடிக்க வரலீங்க" என்றார் மாதையன். குரல் எழும்பவே இல்லை. அதுதான் இன்னும் கஷ்டமாக இருந்தது. "ரேடியோ கம்பெனில வேலன்னுதான் அனுப்புனேன். மாசா மாசம் வருது, போவுது, நல்லாத்தான் பேசுது. இது என்னா கோலம்? அங்க என்னாதான் பண்ணுது எம் புள்ள? அத மட்டும் சொல்லுங்க. கையோட கூட்டிக்கினு போயிடறேன்."

நான் சொன்னேன். வேலைக்கு ஒழுங்காகப் போகிறாள் என்பதை. ஞாயிற்றுக்கிழமைகளில் பாடுகிறாள் என்பதை. பாட்டு எப்படி இருக்கும் என்பதை மட்டும் சொல்லத் தெரியவில்லை. சொல்லிப் புரிய வைக்கிற சங்கதியா அது?

அத்தா குறுக்கே வந்தார். "ஐயா, உக்காருங்க. தண்ணி குடிங்க." பிறகு என் பக்கம் திரும்பி, தணிந்த குரலில், "இனிமே பெங்களூர் வேணாம். சாமானைப் பார்சல்ல வரவழைச்சுக்கலாம்" என்றார்.

அவ்வளவுதான். ஒரு வாக்கியத்தில் முடிந்துவிட்டது. மல்லிகா ஏரியூருக்கு. நான் கடைக்கு.

எனக்கு எங்கிருந்து தைரியம் வந்தது என்று இன்றைக்கும் தெரியவில்லை. "வர்ற சனிக்கிழமை சாயங்காலம் இதே குழு பாலக்கோட்டுக்கு வருது" என்றேன். "சர்க்கரை ஆலை ஆபீசருங்க கிளப்புல ஆண்டு விழா. நீங்க ரெண்டு பேரும் வாங்க. ஒரே ஒரு தடவை கேளுங்க. அப்புறம் என்ன சொன்னாலும் சரி."

இரண்டு அப்பாக்களும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அத்தா மெதுவாக, "போய்ப் பாத்துட்டு வேணாம்னு சொன்னா ஒரு நியாயம் இருக்கும்" என்றார். மாதையன் தலையை ஆட்டினார்.

நான் சொல்லாமல் விட்டது ஒன்று. பாலக்கோட்டு நிகழ்ச்சிக்கு வரமாட்டேன் என்று மல்லிகா டெரிக்கிடம் முன்பே சொல்லியிருந்தாள். சொந்த மாவட்டமாயிற்றே!

தபால் ஆபீசுக்கு ஓடினேன். ட்ரங்க் கால் புக் செய்துவிட்டுக் காத்திருந்தேன். ஹாஸ்டலில் அவளைக் கூப்பிட்டு நிறுத்தினார்கள். உங்கப்பா வந்திருந்தார், படத்தைப் பார்த்துவிட்டார் என்று கத்தினேன். அந்தக் காலத்து ட்ரங்க் காலில் ரகசியம் பேச முடியாது. கவுன்ட்டரில் ஸ்டாம்பு வாங்க வந்தவர்கள் எல்லாரும் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

அந்தப் பக்கம் கரகரவென்று இரைச்சல். லைன் அறுந்துவிட்டதோ?

"மல்லிகா?"

"அழுதாராக்கா?"

"இல்ல. ஆனா மொகம் சரியில்ல."

"கூட்டிக்கினு வாங்க" என்றாள். "நான் வர்றேன். வந்து பாடறேன். எங்கப்பா எதிர்லயே பாடறேன். கேட்டுட்டு வான்னா போயிடறேன்."

சனிக்கிழமை மூன்று பேரும் பாலக்கோட்டு பஸ் ஏறினோம். அப்பாக்கள் இருவரும் ஒரே சீட்டில். ஒருவர் ஆஸ்துமாவுக்கு எது நல்லது என்கிறார், மற்றவர் இந்த வருஷம் கடலைக்கு வந்த பூச்சியைப் பற்றிச் சொல்கிறார். மகள்களைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. நான் பின் சீட்டில் கேமராவை மடியில் வைத்துக்கொண்டு பிரார்த்தனை பண்ணிக்கொண்டிருந்தேன்.

கிளப்புக்கு முன்னால் திறந்த வெளியில் மேடை. நாற்காலிகளில் ஆபீசர்கள், அவர்கள் மனைவிமார், குழந்தைகள். கம்பி வேலிக்கு அந்தப் பக்கம் ஆலைக்குப் போகும் ரோடு. அரவைக் காலம். கரும்பு வண்டிகள் வரிசையாக நின்றன. வண்டிக்காரர்கள் வேலியில் சாய்ந்துகொண்டு வேடிக்கை பார்த்தார்கள். லேட்கமர்ஸ் வழக்கம்போல லேட்டாகத்தான் ஆரம்பித்தார்கள். ஆனாலும் வெயில் மிச்சம் இருந்தது.

மல்லிகா மேடைக்கு வந்தாள். அதே பெல்பாட்டம். அப்பா வருகிறார் என்று புடவை கட்டிக்கொண்டு வருவாளோ என்று நினைத்திருந்தேன். இல்லை. அவரை மட்டும் ஒரு தடவை பார்த்தாள். கைகூப்பவும் இல்லை, கண்ணைத் தாழ்த்தவும் இல்லை. மைக்கைப் பிடித்தாள்.

முதல் பாட்டிலேயே அத்தா காதைப் பொத்திக்கொண்டார். மாதையன் துண்டை இறுக்கிப் பிடித்தபடி தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். இரண்டாவது பாட்டு. மூன்றாவது. ஆபீசர்களின் குழந்தைகள் எழுந்து ஆடினார்கள். மாதையன் நிமிரவே இல்லை. போச்சு, எல்லாம் போச்சு என்று நினைத்துக்கொண்டேன்.

அத்தா என் முழங்கையைத் தட்டினார். இன்னும் ஒரு காதைப் பொத்திக்கொண்டுதான் இருந்தார்.

"இங்க நின்னா வெளிச்சம் பின்னாலேருந்து வரும். மொகம் கறுத்துடும். அந்தப் பக்கமா போ."

என் காதுகளை என்னால் நம்ப முடியவில்லை. தொழில்காரர் அல்லவா? மகள் மேல் இருந்த கோபத்தை ஒரு தப்பான கோணம் ஜெயித்துவிட்டது! நான் இடம் மாறி, மேடைக்கு வலப்பக்கம் போய் நின்றேன். அங்கிருந்து மேடையும் தெரிந்தது, மாதையனும் தெரிந்தார்.

கடைசிப் பாட்டு. கிதார்க்காரன் ஏதோ ஒரு குமிழை முழுக்கத் திருகினான். 'டப்' என்று ஒரு சத்தம். மைக் செத்தது. கிதார்கள் செத்தன. அவர்களுடைய ஆம்ப்ளிஃபயர்கள் இழுத்த இழுப்பில் கிளப்பின் ஃப்யூஸ் போய்விட்டது. யாரோ எலக்ட்ரீஷியனைத் தேடி ஓடினார்கள். டெரிக் மட்டும் விடாமல் தாளத்தைத் தட்டிக்கொண்டிருந்தான்.

மல்லிகா மைக்கை ஸ்டாண்டில் மாட்டினாள். மேடையின் நுனிக்கு வந்தாள். பாட்டை விட்ட இடத்திலிருந்து வெறும் குரலில் தொடர்ந்தாள். நான் குனிந்து கண்ணாடியைப் பார்த்தேன். மூச்சு இழுத்தாள். விரலை அழுத்தினேன். அடுத்து அந்தக் கூவல் வந்தது.

மைக் இல்லாமல் அதை நான் கேட்டதே இல்லை. வேலியைத் தாண்டி, கரும்பு வண்டிகளைத் தாண்டிப் போயிற்று. மாடுகள் தலையைத் தூக்கின. பேசிக்கொண்டிருந்த வண்டிக்காரர்கள் நிறுத்தினார்கள்.

மாதையன் நிமிர்ந்தார்.

எழுந்து நின்றார். துண்டு கீழே விழுந்தது. வலது கையை வாயோரம் குவித்தார். அத்தனை பேர் இருக்கிறார்களே என்ற நினைப்பே அவருக்கு இல்லை. மல்லிகா முடித்த அதே இடத்தில், ஒரு சுருதி கீழே, அவரிடமிருந்து ஒரு கூவல் கிளம்பியது. தாழ்ந்து ஆரம்பித்து, மேலே போய், அங்கே உடைந்து...

அது பதில்! ஒருவர் கூப்பிட்டால் இன்னொருவர் கொடுக்க வேண்டிய பதில்.

ஒரு நொடி சகலமும் நின்றது. டெரிக்கின் குச்சிகூட. அப்புறம் மேடையிலிருந்து மல்லிகா மறுபடி கூவினாள். இப்போது சிரித்துக்கொண்டே. கன்னமெல்லாம் ஈரம். வேலிக்கு அந்தப் பக்கமிருந்து ஒரு வண்டிக்காரர், "ஏரியூருக்காரங்கடோய்!" என்று கத்தினார்.

நான் நிமிரவில்லை. கேமராவை வயிற்றோடு வைத்தபடியே பக்கவாட்டில் திருப்பினேன். மேடையில் இருந்த பாடகியை விட்டுவிட்டு, இரண்டாவது கூவலுக்காக மூச்சை இழுத்துக்கொண்டிருந்த அவளுடைய அப்பாவை எடுத்தேன்.

எல்லாம் முடிந்து மல்லிகா இறங்கி வந்தாள். பக்கத்தில் நானும் அத்தாவும் நின்றோம். மாதையன் துண்டைத் தேடி எடுத்து உதறிக்கொண்டிருந்தார். இப்போதுதான் வெட்கம் வந்திருந்தது.

"ஆட்டக் கூப்புடற சத்தம்ங்க அது" என்றார் எங்களைப் பார்த்து. "காவேரி ஓரமா இந்தக் கரட்டு மேட்டுல நான் நிப்பேன். எதிர்க் கரட்டுல எம் பொண்ணு நிக்கும். சின்ன வயசுலேருந்து அப்பிடித்தான். அது கூப்புட்டா நான் பதிலு குடுத்தாவணும். குடுக்கலன்னா பயந்துக்கும்."

பிறகு மகளிடம், "என்னாத்துக்கு எங்கிட்ட சொல்லல?"

"சொன்னா வுட்டிருப்பியாப்பா?"

யோசித்தார். நேர்மையான மனிதர். "வுட்டிருக்க மாட்டேன்."

"அதான்."

மாதையன் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டார். அவள் பெல்பாட்டத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "கீழ எதுக்கு இவ்ளோ அகலம்? முள்ளுல மாட்டிக்கும்" என்றார். மல்லிகா சிரித்தாள். அவருடைய சம்மதம் வந்துவிட்டது என்பது எனக்கே புரிந்துவிட்டது.

"மாப்பிள்ள வூட்டுக்காரங்க?" என்று அத்தா கேட்டார்.

"அவங்க படத்தத்தானுங்களே பாத்தாங்க? பாட்டக் கேக்கலியே. போவட்டும் வுடுங்க."

தர்மபுரிக்குத் திரும்பும் பஸ்ஸில் அத்தா ஜன்னல் பக்கம் பார்த்தபடி, "அந்தக் கேமராவுக்கு வெளிச்சம் பத்தாது. வேற நல்ல லென்ஸ் ஒண்ணு பாக்கணும்" என்றார். பார்சலில் சாமான் வரவழைக்கும் பேச்சு அதோடு போயே போயிற்று.

மாதையனின் படத்தைப் பத்திரிகைக்கு அனுப்பினேன். ராக் இசைப் பக்கத்தில், கிதார் ஒன்றுகூட இல்லாமல், வேட்டி கட்டிய ஒரு விவசாயி. ஆசிரியர் முதலில் தப்பான கவரைத் திறந்துவிட்டோம் என்று நினைத்தாராம். பிறகு முழுப் பக்கத்துக்குப் போட்டார். ஒரு பிரதியை எடுத்துக்கொண்டு ஏரியூருக்குப் போனேன். மாதையன் வெகுநேரம் பார்த்தார்.

"என்னாங்க இது, வாயத் தொறந்துகினு... கொஞ்சம் நல்லா நிக்கச் சொல்லி எடுத்திருக்கக் கூடாதா?"

இருந்தாலும் அதைக் கண்ணாடி போட்டு மாட்டினார். வீட்டுக்கு வருகிறவர்கள் அண்ணாந்து பார்க்கிற உயரத்தில்!

அதற்கப்புறம் அந்தப் பத்தாண்டு முடியும்வரை நான் இதே வேலையாகத் திரிந்தேன். லேட்கமர்ஸ் என்ன ஆனார்கள் என்று கேட்பீர்கள். எல்லாக் குழுக்களும் ஆவதுதான் ஆனார்கள். ஒருவன் பாங்க் ஆபீசர், இன்னொருவன் ஆஸ்திரேலியா. டெரிக் மாமாவின் கடையில் உட்கார்ந்தான். மல்லிகா மட்டும் வேறு வேறு குழுக்களோடு பாடிக்கொண்டே இருந்தாள். தொழிற்சாலையில் கூட வேலை பார்த்தவரை, தானே பார்த்து, அப்பாவிடம் முதலிலேயே சொல்லிவிட்டுக் கல்யாணம் செய்துகொண்டாள். அவருக்கு இசை ஞானம் துளியும் கிடையாது. வீட்டில் ஒருவராவது நிம்மதியாகத் தூங்க வேண்டாமா?

நானும் படங்களுக்குக் கீழே ஒரு வரி எழுத ஆரம்பித்தேன். அது இரண்டு வரியானது, பத்தியானது, பிறகு படமே இல்லாமல் எழுத்து மட்டும் ஆனது. விளைவைத்தான் வாராவாரம் நீங்கள் அனுபவிக்கிறீர்கள்.

உங்கள் வீட்டிலும் மூடிய கதவுக்குப் பின்னால் ஒரு பிள்ளை என்னவோ செய்துகொண்டிருக்கலாம். பாட்டோ, கூத்தோ, உங்களுக்குப் பெயர்கூடத் தெரியாத வேறு ஏதாவதோ. நமக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை என்று நினைத்துக்கொண்டிருப்பீர்கள். அதில் உங்கள் பங்கு எவ்வளவு இருக்கிறது என்பது கதவைத் திறந்து கேட்காமல் எப்படித் தெரியும்?

ஒரு தடவை கேட்டுப் பாருங்கள் — பஞ்சு வேண்டுமானால் ஒரு காதில் மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்!